மலையைப் பார்ப்போம், மலையைக் காப்போம்



இந்த மாதப் பாடம் மலைகளைப் பற்றியது. "சேமிப்பு, கடன், வட்டின்னு பேசுற எடத்துல மலைக்கு என்ன வேலை?" என்று நீங்கள் கேட்கலாம். இரண்டு காரணம் இருக்கிறது. நம்ம குழுக்களில் பலர், "கோயில் கொளத்துக்குப் போயாச்சு, இந்தத் தடவை புதுசா ஒரு எடத்துக்குக் கூட்டிட்டுப் போங்க" என்று கேட்கிறார்கள். இது முதல் காரணம். நம்ம வீட்டுக் கிணற்றில் ஊறுகிற தண்ணீருக்கும் ஊர்க்கோடியில் நிற்கிற பாறைக்கும் தொடர்பு இருக்கிறது. இது இரண்டாவது காரணம். இரண்டையும் சேர்த்தே இந்தப் பாடத்தில் பேசுவோம்.

பாடத்தை ஒரே மூச்சில் படித்து முடிக்க வேண்டாம். ஒரு கூட்டத்துக்கு இரண்டு பகுதி போதும். எழுதப் படிக்கத் தெரிந்த ஒருவர் சத்தமாகப் படியுங்கள். மற்றவர்கள் நடுவில் நிறுத்திக் கேள்வி கேளுங்கள். கடைசியில் உள்ள கேள்விகளைக் கட்டாயம் பேசுங்கள்.

1. யானை, பாம்பு, பசு

மதுரையில் இருந்து மேலூர் போகும் பஸ்ஸில் ஒத்தக்கடை வரும்போது ஜன்னல் வழியாகப் பாருங்கள். ஒரு பெரிய யானை தும்பிக்கையை முன்னால் நீட்டிப் படுத்திருக்கிற மாதிரி ஒரே கல்லாக ஒரு மலை தெரியும். அதுதான் யானைமலை. மதுரைக்கு மேற்கே நீளமாக, பாம்பு படுத்திருக்கிற மாதிரி கிடப்பது நாகமலை. திருப்பரங்குன்றம் போகிற வழியில் பசு படுத்திருக்கிற மாதிரி இருப்பது பசுமலை.

இந்த மூன்று மலைக்கும் திருவிளையாடற் புராணத்தில் கதை இருக்கிறது. மதுரையை அழிக்க ஏவி விட்ட யானையும் நாகமும் அம்பு பட்டு வீழ்ந்தன, மாயப் பசு நந்தியிடம் தோற்று விழுந்தது, மூன்றும் மலையாகிவிட்டன என்பது அந்தக் கதை. நம்ம பாட்டிமார் சொல்லிக் கேட்டிருப்பீர்கள்.

யானைமலையில் இன்னொரு சேதியும் இருக்கிறது. மலை மேலே ஒரு குகையில் சமண முனிவர்கள் தங்கிய கற்படுக்கைகள் உள்ளன. அங்கே பாறையில் தமிழி எழுத்தில் ஒரு கல்வெட்டு வெட்டியிருக்கிறார்கள். அதற்குச் சுமார் 2,000 வயது. அதில் இந்த மலையின் பேர் 'இவகுன்றம்' என்று இருக்கிறது. 'இவம்' என்றால் யானை. அதாவது 2,000 வருசத்துக்கு முன்னால் இருந்தவர்களுக்கும் இந்த மலை யானையாகத்தான் தெரிந்திருக்கிறது. நாம் பார்க்கிற அதே யானையை அவர்களும் பார்த்திருக்கிறார்கள்.

அதே மலையின் அடிவாரத்தில் நரசிங்கம் ஊரில் யோக நரசிம்மர் கோயில் இருக்கிறது. பாண்டிய மன்னரின் அமைச்சர் மாறன்காரி பாறையைக் குடைந்து, கி.பி. 770-ல் எடுத்த கோயில் அது. பக்கத்திலேயே லாடன் கோயில் என்ற முருகன் குடைவரை இருக்கிறது. மேலே தீர்த்தங்கரர் சிற்பங்கள் இருக்கின்றன. ஒரே மலையில் சமணரும் இருந்திருக்கிறார்கள், பெருமாளும் இருக்கிறார், முருகனும் இருக்கிறார். மலை யாரையும் வேண்டாம் என்று சொல்லவில்லை.

2. இந்த உருவம் எப்படி வந்தது?

கதை ஒரு பக்கம் இருக்கட்டும். கல் எப்படி இந்த உருவத்துக்கு வந்தது என்பதையும் தெரிந்துகொள்வோம்.

நம்ம பகுதிப் பாறைகள் 50 கோடி ஆண்டுக்கும் பழையவை. இவை மண்ணுக்கு மேலே உருவானவை அல்ல. பூமிக்குள்ளே ரொம்ப ஆழத்தில், பெரும் சூட்டிலும் அழுத்தத்திலும் உருவானவை. மேலே மூடியிருந்த மண்ணையும் மெதுவான பாறையையும் மழை, காற்று, ஆறு எல்லாம் கோடிக்கணக்கான ஆண்டுகளாகக் கொஞ்சம் கொஞ்சமாக அரித்துக்கொண்டு போயின. கெட்டியான பகுதி மட்டும் அரிபடாமல் தனியாக நின்றுவிட்டது. அதனால்தான் சுற்றிலும் வயக்காடாக இருக்க, நடுவில் திடீரென்று ஒரு குன்று நிற்கிறது.

மேலே இருந்த பாரம் போனதும் பாறைக்கு அழுத்தம் குறைகிறது. அப்போது அது கொஞ்சம் விரிந்து, மேற்பரப்பு ஏடு ஏடாக விரிசல் விடுகிறது. வெங்காயத்தில் தோல் உரிகிற மாதிரி ஒவ்வொரு ஏடாகக் கழன்று விழுகிறது. யானையின் முதுகு மாதிரி வழவழவென்று வளைந்த மொட்டைப் பாறை இப்படித்தான் வருகிறது.

இன்னொரு வகையும் உண்டு. பாறையில் நெடுக்காகவும் குறுக்காகவும் வெடிப்பு இருந்தால், அது கட்டம் கட்டமாகப் பிரிகிறது. வெடிப்பு வழியாகத் தண்ணீர் இறங்கும். சதுரக் கல்லின் மூலைகள் முதலில் உதிரும். மூலை தேயத் தேயக் கல் உருண்டையாகிவிடும். ஒன்றின் மேல் ஒன்று யாரோ தூக்கி வைத்த மாதிரி நிற்கிற உருண்டைப் பாறைகளை யாரும் தூக்கி வைக்கவில்லை. இருந்த இடத்திலேயே தேய்ந்து தேய்ந்து அப்படி நிற்கின்றன. மாமல்லபுரத்தில் சரிவில் நிற்கிற 'வெண்ணெய் உருண்டை'ப் பாறையைப் படத்தில் பார்த்திருப்பீர்கள். அதுவும் இயற்கை செய்ததுதான்.

பாறை மேலே சின்னப் பள்ளத்தில் மழைத்தண்ணீர் தேங்கும். தேங்கின தண்ணீர் கல்லைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைத்துப் பள்ளத்தை ஆழமாக்கும். நாம் சுனை என்று சொல்கிறோமே, அவற்றில் பல இப்படி உண்டானவைதான்.

இதில் நாம் மனசில் வைக்க வேண்டியது ஒன்றுதான். வெட்டின மரம் மறுபடி துளிர்க்கும். தூர்ந்த கண்மாயைத் தூர் வாரலாம். உடைத்த மலை மறுபடி வளராது. கோடி வருசம் எடுத்து வந்த உருவத்தை வெடி வைத்தால் ஒரு மத்தியானத்தில் இல்லாமல் பண்ணிவிடலாம்.

3. மலையும் நம்ம தண்ணீரும்

மொட்டைப் பாறையில் பெய்கிற மழை உள்ளே இறங்காது. வீட்டுக் கூரையில் விழுந்த தண்ணீர் தாழ்வாரத்தில் கொட்டுகிற மாதிரி, அடிவாரத்துக்கு ஓடி வரும். அங்கே இருக்கிற மண்ணிலும் வெடிப்புகளிலும் இறங்கி ஊறும். மிச்சம் ஓடை வழியாகக் கண்மாய்க்குப் போகும். நம்ம முன்னோர்கள் இதைப் பார்த்துத்தான் மலை அடிவாரத்தில் கண்மாய் வெட்டினார்கள்.

மேலூர் பக்கத்தில் உள்ள அரிட்டாபட்டி இதற்கு நல்ல உதாரணம். அந்தப் பகுதியில் ஏழு குன்றுகள் வரிசையாக இருக்கின்றன. அவற்றை நம்பி 72 ஏரி, கண்மாய்களும், 200 இயற்கைச் சுனைகளும், 3 தடுப்பணைகளும் இருப்பதாக அரசு அறிவிப்பே சொல்கிறது. சுமார் 250 வகைப் பறவைகள் அங்கே உண்டு. வல்லூறு, ராசாளி மாதிரி வேட்டைப் பறவைகள் பாறை இடுக்கில் தங்குகின்றன. தேவாங்கு, எறும்புத்தின்னி, மலைப்பாம்பு எல்லாம் இருக்கின்றன. 2,000 ஆண்டுக்கு முந்திய தமிழிக் கல்வெட்டும், குடைவரைச் சிவன் கோயிலும், தீர்த்தங்கரர் சிற்பமும் இருக்கின்றன.

மலையை உடைத்தால் முதலில் ஓடையின் வழி மாறும். அப்புறம் கல் தூசி கண்மாயில் படியும். குவாரிக் குழி ஆழமாகப் போகப் போகச் சுற்றியுள்ள கிணற்றுத் தண்ணீர் அந்தக் குழிக்கு இழுத்துக்கொண்டு போகவும் வாய்ப்பு உண்டு. தண்ணீர் இல்லாமல் போனால் வீட்டில் யார் குடத்தை எடுத்துக்கொண்டு கூடுதல் தூரம் நடக்கப் போகிறோம்? நாம்தான். அதனால்தான் இது ஆண்கள் மட்டும் பேசி முடிக்கிற விசயம் இல்லை என்று சொல்கிறோம்.

4. மக்கள் நின்றார்கள், மலையும் நின்றது

மதுரை மாவட்டத்தில் கிரானைட் கல்லுக்காகப் பல குன்றுகளை வெட்டினார்கள். 2012-ல், அப்போது மாவட்ட ஆட்சியராக இருந்த உ. சகாயம், இந்தக் குவாரிகளில் நடந்த முறைகேடுகளைப் பற்றி அரசுக்கு அறிக்கை அனுப்பினார். 2014-ல் சென்னை உயர் நீதிமன்றம் அவரையே சட்ட ஆணையராக நியமித்து விசாரிக்கச் சொன்னது. எத்தனை விசாரணை நடந்தாலும் வெட்டிக்கொண்டு போன கல் திரும்பி வரவில்லை. மேலூர் பக்கம் போனால் அந்தக் குழிகளை இப்போதும் பார்க்கலாம்.

மக்கள் நின்றதால் தப்பித்த மலைகளும் இருக்கின்றன.

யானைமலை: 2010-ல் இங்கே 'சிற்ப நகரம்' அமைக்கும் திட்டம் வந்தது. "மலையே ஒரு சிற்பம்தானே, இதுல எதுக்கு இன்னொரு சிற்பம்?" என்கிற மாதிரி சுற்றுவட்டார மக்கள் எதிர்த்தார்கள். திட்டம் நடக்கவில்லை. யானை முழுசாக அப்படியே படுத்திருக்கிறது. அந்தச் சமயத்தில்தான் எழுத்தாளர் அ. முத்துகிருஷ்ணன் முன்னின்று 'பசுமை நடை' தொடங்கியது. குடும்பம் குடும்பமாக ஆட்களைக் கூட்டிக்கொண்டு மலைகளுக்குப் போய், அங்கே உள்ள கல்வெட்டு, சிற்பம், மரம், பறவை எல்லாவற்றையும் விளக்கிச் சொல்கிறார்கள். ஒரு இடத்தை நேரில் பார்த்தவர்கள்தான் அதைக் காப்பாற்ற வருவார்கள் என்பது இதில் நமக்குக் கிடைக்கிற பாடம்.

அரிட்டாபட்டி: 2022 நவம்பரில் தமிழ்நாடு அரசு, அரிட்டாபட்டி, மீனாட்சிபுரம் ஊர்களில் 193.215 ஹெக்டேர் பரப்பைப் பல்லுயிர்ப் பாரம்பரியத் தலமாக அறிவித்தது. ஏக்கர் கணக்கில் சொன்னால் சுமார் 477 ஏக்கர். தமிழ்நாட்டில் இப்படி அறிவித்த முதல் இடம் இதுதான்.

அறிவிப்பு வந்துவிட்டது, இனிப் பிரச்சினை இல்லை என்று நினைத்தால் அப்படியும் இல்லை. 2024 நவம்பரில் அரிட்டாபட்டி, நாயக்கர்பட்டி, வல்லாளப்பட்டி உள்ளிட்ட பகுதியில் டங்ஸ்டன் என்ற உலோகத்துக்காகச் சுரங்கம் வெட்ட ஒரு நிறுவனத்துக்கு ஏலம் முடிவானது. ஏலம் விட்ட பரப்பு 2,015 ஹெக்டேருக்கு மேல், அதாவது ஐயாயிரம் ஏக்கருக்குக் கொஞ்சம்தான் குறைவு. ஊர் மக்கள் கிராம சபைகளில் எதிர்ப்புத் தீர்மானம் போட்டார்கள். 2024 டிசம்பர் 9 அன்று சட்டமன்றம் திட்டத்துக்கு எதிராகத் தீர்மானம் நிறைவேற்றியது. 2025 ஜனவரி 7 அன்று மேலூர்ப் பகுதி மக்கள் ஆயிரக்கணக்கில் மதுரைக்கு ஊர்வலமாக வந்தார்கள். பெண்கள் திரளாக வந்தார்கள். 2025 ஜனவரி 23 அன்று மத்திய அரசு அந்த ஏலத்தை ரத்து செய்வதாக அறிவித்தது.

கவனித்தீர்களா? முதலில் பேசியது கிராம சபை. நாம் "கையெழுத்துப் போட்டுட்டு வந்துருவோம்" என்று போகிற அதே கிராம சபைதான்.

5. "ஒடச்சாத்தான நமக்குக் கூலி?"

இந்தக் கேள்வியைத் தள்ளிவிட்டு இந்தப் பாடத்தை எழுத முடியாது. நம்ம உறுப்பினர்களில் குவாரியில் ஜல்லி உடைக்கிறவர்கள் இருக்கிறார்கள். கணவர் லோடு ஏற்றப் போகிற வீடுகள் இருக்கின்றன. குழுக் கடன் தவணையை அந்தக் கூலியில்தான் கட்டுகிறார்கள். ஒரு குழுக் கூட்டத்தில் மலையைக் காப்பது பற்றி நாங்கள் பேசியபோது ஒரு அக்கா எழுந்து, "மலை நிக்கணும்னு நீங்க சொல்றீங்க. சரி. எங்க வீட்டு அடுப்பு எரியணுமே, அதுக்கு என்ன சொல்றீங்க?" என்று கேட்டார். நியாயமான கேள்வி. அந்தக் கூட்டத்தில் இதைப் பற்றி ரொம்ப நேரம் பேசினோம். பேசியதின் சாரம் இது.

வீடு கட்டக் கல் வேண்டும், ரோடு போட ஜல்லி வேண்டும். ஒரு பாறையையும் தொடக் கூடாது என்று யாரும் சொல்லவில்லை. ஆனால் எல்லாப் பாறையும் ஒன்றல்ல. சுனை உள்ள மலை, கண்மாய்க்குத் தண்ணீர் தருகிற மலை, கல்வெட்டோ சிற்பமோ சாமியோ உள்ள மலை, யானை மாதிரி தனி உருவம் உள்ள மலை, இவற்றைத் தொடக் கூடாது. மற்ற இடத்தில் வெட்டுவதென்றாலும் முறையான அனுமதியோடு, குறித்த அளவுக்குள்தான் வெட்ட வேண்டும்.

இரண்டாவது, கணக்கு. நாம் கணக்குப் பார்க்கத் தெரிந்தவர்கள். குவாரிக் கூலியை வரவில் எழுதுங்கள். செலவில் எதை எல்லாம் எழுத வேண்டும்? தண்ணீர் விலைக்கு வாங்கும் காசு, கிணறு வற்றியதால் விளையாமல் போன வயல், தூசியால் வருகிற இருமலுக்கு ஆஸ்பத்திரிச் செலவு. கல் தூசியில் சிலிக்கா இருக்கிறது. பல வருசம் சுவாசித்தால் நுரையீரல் இறுகிப்போகும். இதை சிலிக்கோசிஸ் என்கிறார்கள். வந்த பிறகு முழுசாகக் குணமாக்க மருந்து இல்லை. குத்தகை முடிந்ததும் கூலி நின்றுவிடும். குழி மட்டும் நிற்கும், பிள்ளைகள் தவறி விழுகிற ஆபத்தோடு.

மூன்றாவது, மாற்று வேலை. மலையைப் பார்க்க ஆட்கள் வந்தால் எல்லார் வீட்டு அடுப்பும் எரியும் என்று நாங்கள் சொல்ல மாட்டோம். ஆட்கள் வருவது சனி, ஞாயிறுகளில், அதுவும் வெயில் குறைவான மாதங்களில். டிபன், மோர், பதநீர், கூழ், வேர்க்கடலை விற்கலாம். வழி காட்டலாம். இது துணை வருமானம். முழு வருமானத்துக்கு ஆடு, கறவை மாடு, ஊரக வேலைத் திட்டம், தையல் என்று நாம் ஏற்கெனவே பேசுகிற வழிகள்தான். குவாரியை விட்டு வெளியே வர நினைக்கிற உறுப்பினருக்குக் குழு முதலில் கடன் கொடுக்கலாமா என்று பேசுங்கள். "குவாரி வேலைக்குப் போகாதே" என்று சொல்வது சுலபம். வேறு வேலைக்குக் கைகொடுத்துவிட்டுச் சொல்ல வேண்டும்.

6. சுற்றிப் பார்க்கப் போகிறோமா? இதைப் படியுங்கள்

முதல் தடவை போகிற குழுவுக்கு நாங்கள் சொல்கிற இடம், நாகமலை புதுக்கோட்டை பக்கம் கீழக்குயில்குடியில் உள்ள சமணர் மலை. அடிவாரத்தில் தாமரைக் குளமும் ஆலமரமும் அய்யனார் கோயிலும் இருக்கின்றன. உட்கார்ந்து சாப்பிட நிழல் உண்டு. படியேறிப் போனால் பேச்சிப்பள்ளம் என்ற இடத்தில் வரிசையாகத் தீர்த்தங்கரர் சிற்பங்களைப் பார்க்கலாம். மலையின் இன்னொரு பக்கம் செட்டிப்புடவு என்ற குகையில் பெரிய தீர்த்தங்கரர் சிற்பம் இருக்கிறது. முழங்கால் வலி உள்ளவர்கள் அடிவாரத்திலேயே இருந்து கோயிலையும் குளத்தையும் பார்க்கலாம். அடுத்த தடவை யானைமலை அடிவாரக் குடைவரைகள், அரிட்டாபட்டி, கீழவளவு பஞ்சபாண்டவர் மலை என்று போகலாம்.

போகும் முன்:
• காலை 6 மணிக்கு ஏறத் தொடங்கி 10 மணிக்குள் இறங்கிவிடுங்கள். வெயில் ஏறினால் பாறை அடுப்பு மாதிரி கொதிக்கும்.
• மழை நாளில் ஏறாதீர்கள். ஈரப் பாறை வழுக்கும். இடி மின்னல் தெரிந்தால் உடனே இறங்குங்கள். உச்சியில் நிற்காதீர்கள்.
• செருப்பு வார் பிடிப்பாக இருக்கட்டும். சேலையைக் கொஞ்சம் தூக்கிக் கட்டிக்கொள்ளுங்கள், அல்லது சுடிதார் போடுங்கள். யாரும் கேலி பண்ண வேண்டாம்.
• மலை மேல் கழிப்பறை இருக்காது. ஏறும் முன் ஊருக்குள் ஒரு வீட்டிலோ பொதுக் கழிப்பறையிலோ ஏற்பாடு செய்யுங்கள். நாப்கினைப் பாறை இடுக்கில் போடாமல் காகிதத்தில் சுற்றிக் கீழே கொண்டு வாருங்கள்.
• ஆளுக்கு ஒரு பெரிய பாட்டில் தண்ணீர், ஒரு குழுவுக்கு ஒரு முதலுதவிப் பை, ஆள் எண்ணிக்கைப் பட்டியல். ஏறும்போதும் இறங்கும்போதும் எண்ணுங்கள்.
• அந்த ஊர்க்காரர் ஒருவரை வழிகாட்டியாகக் கூட்டிக்கொள்ளுங்கள். அவருக்குக் கூலி பேசிக் கொடுங்கள். அங்கே மகளிர் குழு இருந்தால் சாப்பாட்டை அவர்களிடமே சொல்லுங்கள்.

மலையில்:
• பேர் எழுதாதீர்கள், கல்லால் கீறாதீர்கள். பிள்ளைகளையும் தடுங்கள். பாதுகாக்கப்பட்ட தொல்லியல் சின்னத்தைச் சேதப்படுத்தினால் மத்திய சட்டப்படி 2 ஆண்டு வரை சிறை, அல்லது 1 லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும் விதிக்கலாம்.
• கல்வெட்டு தெளிவாகத் தெரிய வேண்டும் என்று சாக்பீஸ், மாவு, எண்ணெய் எதையும் தேய்க்காதீர்கள். சிற்பத்துக்குப் பக்தியோடு எண்ணெய், மஞ்சள், சந்தனம் பூசுகிறோம். அதுவும் கல்லை அழுக்காக்கி அரிக்கும். வணங்க வேண்டும் என்றால் கையெடுத்துக் கும்பிட்டால் போதும்.
• குகைக்குள் அடுப்பு மூட்டாதீர்கள், சூடம் கொளுத்தாதீர்கள். புகை படிந்தால் எழுத்தும் பழைய வண்ணமும் மறைந்துவிடும்.
• சுனையில் குளிக்காதீர்கள், சோப்புப் போடாதீர்கள். பாசி வழுக்கும், ஆழம் தெரியாது. அதைவிட, பறவைக்கும் தேவாங்குக்கும் குடிதண்ணீர் அது.
• பாறை இடுக்கில் பெருந்தேனீக் கூடு இருக்கும். கல் எறிவது, புகை போடுவது, பட்டாசு, சத்தமான பாட்டு எதுவும் கூடாது. தேனீ கலைந்தால் அடித்து விரட்டாதீர்கள். முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு அந்த இடத்தை விட்டு விலகுங்கள். அதிகம் கொட்டினாலோ மூச்சு முட்டினாலோ 108-ஐ அழையுங்கள்.
• செல்போனில் படம் எடுக்க விளிம்பில் போய் நிற்காதீர்கள். உருண்டைப் பாறையைத் தள்ளிப் பார்க்காதீர்கள். எந்தக் கல் எதைத் தாங்கி நிற்கிறது என்று நமக்குத் தெரியாது.
• சோறு எவர்சில்வர் டப்பாவில் இருக்கட்டும். கேரி பை, பாக்கு பாக்கெட், தண்ணீர் பாக்கெட் எதையும் போட்டுவிட்டு வராதீர்கள். கொண்டுபோன குப்பையோடு, அங்கே கிடக்கிறதிலும் ஒரு பை நிறைய எடுத்து வந்தால் நல்லது.

பாறையில் விளம்பரம் எழுதுவதைப் பற்றியும் ஒரு வார்த்தை. இமாசலப் பிரதேசத்தில் மணாலியில் இருந்து ரோதாங் போகும் மலைச்சாலையில் பாறைகளில் விளம்பரம் எழுதிய நிறுவனங்களை 2002-ல் உச்ச நீதிமன்றமே கண்டித்துப் பணம் கட்ட வைத்தது. நம்ம ஊர்ப் பாறையில் கட்சிச் சின்னமோ கடை விளம்பரமோ எழுத வந்தால், "இது ஊர் மலை, எழுதக் கூடாது" என்று சொல்ல நமக்கு உரிமை உண்டு.

7. நம்ம ஊர் மலைக்கு நாம் என்ன செய்யலாம்?

புகழ்பெற்ற மலையாக இருக்க வேண்டும் என்று இல்லை. ஒவ்வொரு ஊரிலும் ஒரு கரடு, ஒரு மொட்டைப்பாறை, ஒரு குதிரைப்பாறை, ஒரு ஆமைப்பாறை இருக்கும். அதற்கும் இந்த வழிகள் பொருந்தும்.

முதல் வேலை, பதிவு. வயதான அம்மா, பாட்டிகளிடம் உட்கார்ந்து கேளுங்கள். மலைக்கு என்ன பேர், ஏன் அந்தப் பேர், எத்தனை சுனை, எந்த மாதம் வரை தண்ணீர் நிற்கும், எந்தக் கண்மாய்க்கு ஓடை போகிறது, என்ன மூலிகை, என்ன பறவை? ஒரு 40 பக்க நோட்டில் எழுதி வையுங்கள். பள்ளிக்கூடப் பிள்ளைகளை எழுதச் சொல்லலாம்.

இரண்டாவது, கணக்கு. கிராம நிர்வாக அலுவலரிடம் அந்த மலையின் சர்வே எண், அது புறம்போக்கா, எந்த வகைப் புறம்போக்கு என்று கேளுங்கள். அங்கே குவாரி நடந்தால் குத்தகை யாருக்கு, எத்தனை ஆண்டு, எவ்வளவு பரப்பு என்று தெரிந்துகொள்ளுங்கள். வாயால் கேட்டுச் சொல்லவில்லை என்றால், தகவல் அறியும் உரிமைச் சட்டம் 2005-ன் கீழ் 10 ரூபாய் கட்டணத்தோடு மனு போடுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும்.

மூன்றாவது, பல்லுயிர் மேலாண்மைக் குழு. பல்லுயிர்ச் சட்டம் 2002 ஒவ்வொரு உள்ளாட்சியிலும் இந்தக் குழு இருக்க வேண்டும் என்கிறது. மக்கள் பல்லுயிர்ப் பதிவேடு தயாரிப்பது இதன் வேலை. நம்ம ஊராட்சியில் இந்தக் குழு இருக்கிறதா, பெண்கள் யார் யார் இருக்கிறார்கள் என்று கேளுங்கள். நீங்கள் எழுதிய நோட்டு அந்தப் பதிவேட்டுக்குப் போக வேண்டும்.

நான்காவது, கிராம சபை. தமிழ்நாட்டில் ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1 ஆகிய ஆறு நாளும் கிராம சபை நாட்கள். மார்ச் 22 உலகத் தண்ணீர் தினம். மலையையும் சுனையையும் பற்றிப் பேச இதைவிடப் பொருத்தமான நாள் கிடையாது. தீர்மானம் இப்படி இருக்கலாம்:

"எங்கள் ஊராட்சியில் சர்வே எண் ........ -ல் உள்ள ........ மலை, ........ கண்மாய்க்கு நீர் தரும் மலை. இதில் ........ சுனைகளும் ........ கோயிலும் உள்ளன. இந்த மலையில் கல் வெட்டவோ, வெடி வைக்கவோ, விளம்பரம் எழுதவோ அனுமதிக்கக் கூடாது எனவும், இதை மக்கள் பல்லுயிர்ப் பதிவேட்டில் சேர்க்க வேண்டும் எனவும் இந்தக் கிராம சபை தீர்மானிக்கிறது."

தீர்மானம் மினிட் நோட்டில் ஏறிவிட்டதா என்று பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள். வெற்று இடம் விட்ட பக்கத்தில் கையெழுத்துப் போடாதீர்கள். நகல் ஒன்று வாங்கிக் குழுவின் கோப்பில் வையுங்கள்.

ஒரு எச்சரிக்கை. சட்டத்துக்குப் புறம்பாகக் கல் வெட்டுகிற இடத்துக்கு ஒரு பெண் தனியாகப் போய்ச் சண்டை போட வேண்டாம். இரவில் போக வேண்டாம். குழுவாக, கூட்டமைப்பு மூலமாக, எழுத்து மூலமாக வட்டாட்சியருக்கும் மாவட்ட ஆட்சியருக்கும் மனு கொடுங்கள். திங்கட்கிழமை குறைதீர்க்கும் நாளில் கொடுத்து ரசீது வாங்குங்கள்.

8. குழுவில் பேச வேண்டிய கேள்விகள்

1) நம்ம ஊரைச் சுற்றி உருவம் உள்ள பாறைகள், மலைகள் எத்தனை? அவற்றின் பேர்களும் கதைகளும் நம்ம பிள்ளைகளுக்குத் தெரியுமா?
2) நம்ம கண்மாய்க்குத் தண்ணீர் எந்த மலையில் இருந்து வருகிறது? பத்து வருசத்துக்கு முன்னால் இருந்த ஓடை இப்போது இருக்கிறதா?
3) குழுவில் எத்தனை பேர் வீட்டுக்குக் கல் வேலையில் இருந்து வருமானம் வருகிறது? வேறு வேலைக்கு மாற அவர்களுக்கு என்ன உதவி வேண்டும்? இதை அவர்களே சொல்லட்டும், மற்றவர்கள் கேட்கட்டும்.
4) இந்த வருசம் குழுவாக எந்த மலையைப் பார்க்கப் போகலாம்? செலவு எவ்வளவு, ஆளுக்கு எவ்வளவு சேமிக்க வேண்டும்?
5) அடுத்த கிராம சபைக்கு நம்ம குழுவில் இருந்து யார் யார் போவது, யார் எழுந்து பேசுவது?

இந்த ஐந்து கேள்விக்கும் பதிலை எழுதி, அடுத்த கூட்டமைப்புக் கூட்டத்துக்கு வரும்போது பிரதிநிதி கையில் கொடுத்து விடுங்கள். எல்லா ஊர்ப் பட்டியலையும் சேர்த்தால் நம்ம வட்டாரத்து மலைகளுக்கு ஒரு நல்ல பதிவேடு நம் கையிலேயே இருக்கும். நாளைக்கு யாராவது வந்து, "இது சும்மா கிடக்கிற பாறைதானே" என்று சொன்னால், அந்த நோட்டை எடுத்துக் காட்டலாம்.